உரிமச் சீட்டும் மிகைப்பணமும்

மதுரையினின்று திருமங்கலம் செல்லும் பெருவழியில் கப்பலூர் என்னும் ஊர் உளது. கடல் காணாச் சமவெளியில் நிற்கும் ஓர் ஊர்க்குக் கப்பலின் பெயர் எங்ஙனம் வாய்த்தது என்பது சொல்லாராய்ச்சி விரும்பும் எம்மனோர்க்கு இனிய வினாவேயாம். ஆயினும் ஈண்டு யாம் எடுத்துக்கொண்ட பொருள் அஃதன்று. இக்காலத்தில் அவ்வூரைப் பலரும் அறிந்திருப்பது இரண்டு காரணம் பற்றி. ஒன்று, அங்கமைந்த சிட்கோ தொழிற்பேட்டை. மற்றொன்று, பெருவழியை மறித்து நிற்கும் சுங்கச்சாவடி. ஒன்றில் மக்கள் உரிமத்துக்குப் பணம் கட்டுகின்றனர். மற்றொன்றில் வழிநடைக்குப் பணம் கட்டுகின்றனர். சாவடியை அகற்ற வேண்டுமென்று திருமங்கலம் வட்டார மக்கள் 2024-ஆம் ஆண்டிலும் போராடியதை நாளிதழ் படிப்போர் அறிவர். உரிமக் கட்டணம் பற்றிய வழக்குகளோ அத்துணை ஓசையின்றி நீதிமன்றக் கட்டுகளுள் உறங்குகின்றன. அவற்றுள் சிலவற்றை எடுத்து, எளிய தொழிலாளர் ஒருவர்க்கு அவை யாது பயன் தருமென ஆராய்தலே இக்கட்டுரையின் நோக்கமாம்.

தொழிற்பேட்டையில் சிறியதொரு லேத்துப் பட்டறை வைத்திருப்பவர் ஒருவரை மனத்திற் கொள்வோம். அவர்க்கு உள்ளாட்சியின் தொழில் உரிமம் வேண்டும். ஆட்களின் தொகை மிகுந்தால் தொழிற்சாலைகளுக்குரிய சட்டத்தின்படி வேறோர் உரிமம் வேண்டும். லேத்துக்கு மாறாக மாவரைக்கும் ஆலை வைத்தாரேல் உணவுப் பாதுகாப்புச் சட்டத்தின் உரிமமும் வேண்டும். பேச்சு வழக்கில் இவை யாவும் 'லைசென்சு' என்னும் ஒரே சொல்லில் அடங்குகின்றன. காலம் முடியுமுன் ஒவ்வொன்றையும் புதுப்பித்தல் வேண்டும். புதுப்பிக்கும் வேளையில், சென்ற ஆண்டு 500 ரூபாயாயிருந்த கட்டணம் இவ்வாண்டு 2,000 ரூபாயென்று அலுவலகத்தார் கூறுவாராயின் அவர் யாது செய்வார்? கேள்வி கேட்டுக்கொண்டு நின்றால் சீட்டு வாராது. சீட்டு வாராவிடில் பட்டறையைப் பூட்டி முத்திரை வைப்பர் என்னும் அச்சம் உண்டு. ஆகவே பணத்தைக் கட்டிவிட்டு வீடு திரும்புவார். (இத்தொகைகள் கணக்கின் எளிமைக்காக யாம் கற்பித்தவை.) அவ்வதிகாரத்துக்கு அங்ஙனம் கேட்க உரிமை உண்டா? இல்லையெனின், கட்டிய மிகைப்பணம் மீளுமா? இவ்விரு வினாக்களும் இந்திய நீதிமன்றங்களைப் பல ஆண்டுகளாக அலைத்து வந்தவை.

முதற்கண் வரி வேறு, கட்டணம் வேறு என்பதை உணர்தல் வேண்டும். நம் முன்னோர் இறை, வரி, சுங்கம், உல்கு, ஆயம் எனப் பல சொற்களை வழங்கினர். முதற் குலோத்துங்கனைச் 'சுங்கம் தவிர்த்த சோழன்' என்று புகழ்ந்ததும் அச்சொற்களின் சுமையை மக்கள் உணர்ந்திருந்தமையாலேயாம். ஆயின் இச்சொற்களெல்லாம் பெரும்பாலும் அரசன் கொள்ளும் பொருளையே குறித்தன. ஒரு குறித்த பணிக்கு ஈடாகச் செலுத்துவதைத் தனியே பிரித்தறியும் நுட்பம் பிற்காலச் சட்டத்துக்கு உரியது. அந்நுட்பத்தை இந்தியா முழுமைக்கும் வகுத்துக் காட்டிய தீர்ப்பு, சென்னை மாகாணத்தினின்றே எழுந்ததென்பது நாம் நினைத்து மகிழத் தக்கது. 1951-ஆம் ஆண்டுச் சென்னை இந்து அறநிலையச் சட்டம், மடங்களும் கோயில்களும் தம் வருவாயில் நூற்றுக்கு ஐந்து வரை அரசுக்குச் செலுத்த வேண்டுமென விதித்தது. உடுப்பியைச் சார்ந்த சீரூர் மடத்தின் தலைவர் அதனை எதிர்த்தார். 1954-ல் உச்சநீதிமன்றம், நீதிபதி பி. கே. முகர்ஜியா எழுதிய தீர்ப்பில், பொதுச் செலவுக்காகக் கட்டாயமாக வாங்கப்பெறுவது வரி, ஒருவர்க்கோ ஒரு வகுப்பினர்க்கோ செய்யும் தனிப் பணிக்கு ஈடாக வாங்கப்பெறுவது கட்டணம் என்று பிரித்தது. மேலும், கட்டணமாக வாங்கிய பொருள் அரசின் பொதுக் கருவூலத்தில் கரைந்துவிடாமல் அப்பணிக்கென ஒதுக்கப்பெறல் வேண்டும் என்றது. மடங்களிடம் கேட்ட பங்கு பொதுக் கருவூலத்திற் சேர்ந்தமையின் அது பெயரளவிலேயே கட்டணம், உண்மையில் வரி. அவ்வரியை விதிக்க மாகாணச் சட்டமன்றத்துக்கு அதிகாரமில்லை என்று அப்பகுதி வீழ்த்தப்பட்டது. நம் அரசியலமைப்பின் 265-ஆம் உறுப்பு, சட்டத்தின் அதிகாரமின்றி வரி விதித்தலையும் வாங்குதலையும் தடுக்கின்றது. ஆதலின், இது வரியா கட்டணமா என்னும் வினா வெறுஞ்சொற்போர் அன்று. பணம் வாங்குவோரின் உரிமையே அதன்மேல் நிற்கின்றது.

இவ்வறிவு 1954-க்கு முன்னும் நம் பக்கத்தில் இல்லாமற் போகவில்லை. 1943-ல் வெளியான தீர்ப்பொன்றில், அந்நாளிற் சென்னை மாகாணத்திலிருந்த ஹோஸ்பேட்டை நகரசபைக்கும் அவ்வூர்ச் சர்க்கரை ஆலைக்கும் நிகழ்ந்த வழக்கில், உரிமக் கட்டணத்தை நகரசபையின் பொது வருவாயைப் பெருக்கும் கருவியாக்கலாகாது என்னும் கருத்தைச் சென்னை உயர்நீதிமன்றம் மேற்கொண்டது.

எனினும் உரிமம் வாங்குவோர்க்கு எப்போதும் வெற்றி கிட்டிற்று என்று எண்ணற்க. கல்கத்தாவில் லிபர்ட்டி சினிமா என்னும் படமனை இருந்தது. ஆண்டுக்கு 400 ரூபாயாக இருந்த அதன் உரிமக் கட்டணத்தை, இருக்கைகளின் அளவும் காட்சிகளின் தொகையும் பற்றிக் கணக்கிடும் புதுமுறையால் அந்நகர மாநகராட்சி ஆண்டுக்கு ஏறத்தாழ 6,000 ரூபாயாக்கிவிட்டது. பதினைந்து மடங்கு! உயர்நீதிமன்றத்தில் படமனையார் வென்றனர். உச்சநீதிமன்றத்திலோ ஐந்து நீதிபதிகளுள் மூவர், 'கட்டணம் என்று பெயர் வைத்திருப்பினும் இது வரியே, இவ்வரியை விதிக்கச் சட்டம் மாநகராட்சிக்கு அதிகாரம் தந்துள்ளது' என்று முடிவு கூறினர், இருவர் மாறுபட்டனர். சீரூர் மடத்தைக் காத்த அதே வேறுபாடு லிபர்ட்டி சினிமாவைக் கைவிட்டது காண்க. பெயரைக் கழற்றிப் பார்த்தபோது முன்னதில் அதிகாரம் இல்லை. பின்னதில் அதிகாரம் இருந்தது. மாறுபட்ட இருவர் கருத்தே எமக்கு ஏற்புடைத்தாகத் தோன்றுகின்றது. உரிமத்துக்கென்று ஒருவனை அழைத்து, அவன் வந்தபின் வரி கேட்டல் நேர்மையாகாது.

காசி நகரத்து ரிக்ஷாக்காரர்க்கு நல்வாய்ப்பு இருந்தது. அந்நகரசபை ரிக்ஷா உரிமையாளரிடமும் ஓட்டுநரிடமும் வாங்கிய உரிமக் கட்டணம் மிகையென்று வழக்கு எழுந்தது. கட்டணமாக வந்த தொகையில் அவர்களுக்கான பணிகளுக்கு நகரசபை செலவிட்டது நூற்றுக்கு 44 அளவே என்று கண்டு, ஈடு போதாதென 1968-ல் உச்சநீதிமன்றம் அக்கட்டணத்தை ஒப்பவில்லை. ரிக்ஷா மிதிப்போர் ஒரு நகரசபையின் வரவு செலவுக் கணக்கைத் திறந்து காட்டச் செய்தனர் என்பது எம் உள்ளத்தை விட்டு அகலாத செய்தி.

அதன்பின் நீதிமன்றங்கள் சற்றே நெகிழ்ந்தன. 1983-ல் ஆந்திர மாநிலச் சந்தைக் கட்டண வழக்கிலும், 1999-ல் ஐதராபாத்து, செகந்திராபாத்து உணவுவிடுதியார் வழக்கிலும் உச்சநீதிமன்றம் கூறியவற்றின் சாரம் இது: காசுக்குக் காசு ஈடு காட்ட வேண்டுவதில்லை, பணிக்கும் கட்டணத்துக்கும் பொதுவாக ஓர் இயைபு இருத்தல் போதும், தொழிலை ஒழுங்குபடுத்துதற்கென வாங்கும் உரிமக் கட்டணத்துக்கு நேரான ஈடு வேண்டா, ஆயினும் அது அளவு கடந்ததாக இருத்தல் ஆகாது. 'அளவு கடந்தது' என்பதை எவ்வாறு அளப்பது? மேற்பார்வைக்கும் ஆய்வுக்கும் ஆகும் செலவினைக் கொண்டே அளத்தல் கூடும். ஆதலின் கணக்கைக் கேட்கும் உரிமை முற்றும் மறைந்துவிடவில்லை.

இனிப் புதுப்பித்தலுக்கு வருவோம். திருமங்கலம் போன்ற நகராட்சிகளை 2023 வரை ஆண்டது 1920-ஆம் ஆண்டு மாவட்ட நகராட்சிச் சட்டம். இப்போது அவ்விடத்தில் 1998-ஆம் ஆண்டு நகர்ப்புற உள்ளாட்சிச் சட்டம் நிற்கின்றது. ஊராட்சிகளுக்கு 1994-ஆம் ஆண்டுச் சட்டம் உளது. பழைய 1920-ஆம் ஆண்டுச் சட்டத்தில் பலரும் அறியாத மூன்று விதிகள் ஒரே பிரிவில் அடுத்தடுத்து இருந்தன. கட்டணத்தை முன்னதாக வாங்கிக்கொண்டமையாலேயே உரிமம் தந்ததாகாது. உரிமம் மறுக்கப்படின் அக்கட்டணத்தைத் திரும்பப் பெறும் உரிமையே உண்டு. புதுப்பிக்க விண்ணப்பித்தவன், ஆணை தன் கைக்கு வரும்வரை உரிமம் புதுப்பிக்கப்பட்டதாகவே கொண்டு தொழில் நடத்தலாம். குறித்த நாட்களுக்குள் எந்த ஆணையும் தெரிவிக்கப்படாவிடின் விண்ணப்பம் ஏற்கப்பட்டதாகவே கொள்ளப்படும். நூறாண்டுகளுக்கு முன் சட்டம் வகுத்தோர், அலுவலகத்தின் காலந்தாழ்த்தல் தொழிலாளர் தலையில் விழலாகாது என்று கருதியமை இதனால் விளங்கும். பட்டறைக்காரரை மிகைப்பணம் கட்டத் தூண்டுவது பெரும்பாலும் அச்சமே. தம் தொழிலுக்குரிய சட்டத்தில் இத்தகைய விதி உளதா என முதலில் தேடி அறிந்தாரேல் அவ்வச்சத்தின் பாதி நீங்கும்.

நிற்க. கட்டியாயிற்று, பின்னர் அது மிகையென்று தெரிந்தது. மீட்பது எவ்வாறு? 'தானாக விரும்பிக் கொடுத்ததைத் திரும்பக் கேட்கலாகாது' என்பது பணம் பெற்றவர் எப்போதும் கூறும் விடை. அவ்விடைக்கு மறுப்பாக 1872-ஆம் ஆண்டு இந்திய ஒப்பந்தச் சட்டத்தின் 72-ஆம் பிரிவு உளது. தவறுதலாலோ வற்புறுத்தலாலோ கொடுக்கப்பட்ட பணத்தைப் பெற்றவன் மீளக் கொடுத்தல் வேண்டுமென அது கூறும். வற்புறுத்தல் என்பதைக் கத்தியைக் காட்டி மிரட்டுதலாகவே கொள்ள வேண்டுவதில்லை. தன் உடைமை முறையின்றிச் சப்தி செய்யப்பட்டபோது அதனை விடுவிக்க எதிர்ப்புக் கூறிப் பணம் கட்டிய ஒருவரின் வழக்கில், அச்சொல்லை உலக வழக்கிலுள்ள பொதுப் பொருளிலேயே கொள்ள வேண்டுமெனப் பிரிவி கவுன்சில் 1913-ல் தீர்த்தது. சீட்டு வாராதென்ற அச்சத்தாற் கட்டிய பணமும் இப்பொருளில் அடங்கும் என்பது எம் துணிபு.

தவறுதல் பற்றியோவெனின், காசியிலிருந்தே இன்னொரு வழக்கு. கன்னையாலால் முகுந்தலால் சராப் என்னும் பெயரிய வெள்ளி வணிக நிறுவனம், முன்பேர வணிகத்தின்மீது விற்பனை வரியாக 1,365 ரூபாயும் சில்லறையும் கட்டியிருந்தது. அவ்வரி செல்லாதென 1952-ல் அலகாபாத்து உயர்நீதிமன்றம் வேறொருவர் வழக்கில் தீர்த்தபின், நிறுவனத்தார் தம் பணத்தைக் கேட்டனர். 'சட்டத்தை அறியாமற் கட்டியது தவறுதலாகுமா? அப்பணத்தை அரசு செலவிட்டும் விட்டதே!' என்றனர் வரி அதிகாரிகள். 1958-ல் உச்சநீதிமன்றம், சட்டம் பற்றிய தவறும் தவறே, செலவாயிற்று என்பது விடையாகாது, திருப்பித் தருக என்றது. ஆயிரத்துச் சொச்சம் ரூபாய்க்கு எழுந்த வழக்கு, நாடெங்கும் இலட்சக்கணக்கான ரூபாய்க்கு வழிகாட்டியாயிற்று.

ஆயின் அவ்வழியில் மற்றொரு வினா முளைத்தது. எம் கருத்தில் இப்பொருளின் உயிர்நிலை இதுவே. திருப்பித் தரும் பணம் யார்க்கு உரியது? பஞ்சாபு, அரியானா மாநிலங்களில் சந்தைக் குழுக்கள் உரிமம் பெற்ற வணிகரிடம் கொள்முதலில் நூறு ரூபாய்க்கு 2 ரூபாயாக வாங்கி வந்த கட்டணத்தை 3 ரூபாயாக உயர்த்தின. 1979-ல் உச்சநீதிமன்றம் இரண்டுக்கு மேற்பட்டது செல்லாதென்றது. உடனே வணிகர் கூடி, மிகையான ஒரு ரூபாயை எங்களுக்குத் தருக என்றனர். சந்தைக் குழுக்களோ, நீங்கள் அதனைப் பொருள் வாங்கினோரிடம் முன்னரே பெற்றுக்கொண்டீர்களே என்றன. உண்மையும் பெரும்பாலும் அதுதான். சிவ சங்கர் பருப்பு ஆலை வழக்கில் நீதிபதி கிருஷ்ண ஐயர் இவ்விருவர்க்கும் இடையே ஒரு வழி கண்டார்: சட்டமின்றி வாங்கிய பணத்தைக் குழு வைத்துக்கொள்ளலாகாது, பிறர் கொடுத்த பணத்தை வணிகர் விழுங்கவும் ஆகாது. வணிகர் தாமே தாங்கிய தொகை வணிகர்க்கும், பிறரிடமிருந்து பெற்ற தொகை, அப்பிறரைக் காணக்கூடுமாயின் அவர்க்கும் சேர வேண்டும். அதனை ஆய்ந்து பகிரும் பணியை உயர்நீதிமன்றப் பதிவாளர்பால் ஒப்படைத்தார்.

திருமறையில் எரிகோ நகரத்து ஆயக்காரர் தலைவனான சகேயுவை நாம் அறிவோம். தான் அநியாயமாக வாங்கியதை நான்மடங்காகத் திருப்புவேனென்று அவன் ஆண்டவர்முன் கூறினான். அவன் வாங்கியது அறிந்த முகங்களிடம். ஊரிலேயே அவரைத் தேடிச் சென்றிருக்கக் கூடும். ஒரு சந்தையில் படி பருப்பு வாங்கிச் சென்ற பல்லாயிரவரை எங்கே தேடுவது? அவர்க்குச் சேர வேண்டிய காசு ஒருவரிடமும் சேராமல் நின்றுவிடுகின்றது.

இவ்வினாவுக்கு முடிவு கூறும் பொருட்டு ஒன்பது நீதிபதிகள் அமர்ந்தனர். 1996 டிசம்பரில் மபத்லால் தொழில் நிறுவன வழக்கில் அவருட் பெரும்பாலார், மிகை வரியைத் திரும்பக் கேட்போர், அச்சுமையைத் தாம் பிறர்மேல் ஏற்றவில்லையென்று தாமே மெய்ப்பிக்க வேண்டுமெனத் தீர்த்தனர். மெய்ப்பிக்காவிடின் பணம் அரசிடமே இருக்கும். அரசு மக்களுடையதாகலின் மக்களுக்கே பயன்படும் என்பது அவர் காட்டிய காரணம். பெரிய ஆலைகள் ஆயத்தீர்வையை விலையிற் சேர்த்து வாங்கிவிட்டு, அதனையே அரசிடமும் மறுமுறை வாங்கும் முறையிலா ஆதாயத்தைத் தடுக்க எழுந்த இம்முடிவை யாம் குறைகூறேம்.

எனினும் கப்பலூர்ப் பட்டறைக்காரர்க்கு இதனை அப்படியே பொருத்துதல் தகுமா? ஆயத்தீர்வையும் சந்தைக் கட்டணமும் சரக்கோடு ஒட்டிச் செல்வன. நூறு ரூபாய்ச் சரக்குக்கு மூன்று ரூபாயென்று ஒவ்வொரு பட்டியிலும் ஏறுவன. உரிமக் கட்டணமோ ஆண்டுக்கு ஒருமுறை ஒரு தொகையாகக் கட்டப்படுவது. எந்தப் பட்டியிலும் அதற்கு ஒரு வரி இல்லை. மேலே கற்பித்த கணக்கின்படி மிகை 1,500 ரூபாய். ஆண்டில் 5,000 உருப்படிகளைக் கடைந்து தந்தாரேல் ஒன்றுக்கு 30 காசு வீழும். உருப்படிக்கு இன்ன விலையென்று வாங்குவோர் முழு ரூபாயில் பேரம் பேசுகின்றனர். அடுத்த கதவில் மற்றொரு லேத்து ஓடுகின்றது. அம்முப்பது காசை விலையில் ஏற்றுவது யாங்ஙனம்? அது அவர்தம் கூலியிலிருந்தே கழிந்தது. இங்ஙனம் தாமே தாங்கிய சுமையை, 'பிறர்மேல் ஏற்றவில்லை' என்று ஏடு காட்டி மெய்ப்பிக்கச் சொல்வது, பெரிய ஆலையின் கணக்கரிடம் கேட்கும் கேள்வியைக் கணக்கரே இல்லாத ஒருவரிடம் கேட்பதாகும். தீர்வைக்கு எழுந்த ஊகத்தை ஆண்டுக்கொருமுறை வாங்கும் உரிமக் கட்டணத்துக்கும் நீட்டலாகாது. அங்கே மிகையை வாங்கிய அதிகாரமே, சுமை பிறர்மேல் ஏறிற்று என்று காட்டக் கடமைப்பட்டதாக வேண்டும் என்பதே எம் கருத்து. பொதுச் செலவுக்குப் பயன்படும் என்ற காரணமும் இங்கே நில்லாது. சீரூர் மடத்து வழக்கிலேயே, பொதுச் செலவுக்கு வாங்குவது கட்டணமாகாதென்று சொல்லிவிட்டார்களன்றோ?

மபத்லால் தீர்ப்பில் சிறு தொழிலாளர் கருத வேண்டிய மற்றொன்று உளது. முன்னதினும் இது கூரியது. தம்மேல் விதித்ததை எதிர்க்காமல் விட்டுவிட்ட ஒருவர், பின்னர் அயலார் வென்ற வழக்கைக் கண்டு, 'இன்றே என் தவறுணர்ந்தேன்' என்று வந்து கேட்டல் ஆகாது என்றனர் நீதிபதிகள். இவ்வளவில் காசி வெள்ளி வணிகர் திறந்த வாயில் மூடப்பட்டது. அடுத்த பட்டறைக்காரர் வழக்காடி வெல்லட்டும், பின்னர் நமக்கும் வரும் என்று காத்திருப்போர் ஏமாறுவர். காலவரையறையும் உண்டு. 1963-ஆம் ஆண்டுக் காலவரையறைச் சட்டத்தின்படி, தவறுதலாற் கட்டியதை மீட்க அத்தவறு வெளிப்பட்டது முதல் மூன்றாண்டுக்குள் வழக்கிடல் வேண்டும். உயர்நீதிமன்றத்தில் 226-ஆம் உறுப்பின்படிப் பேராணை கேட்போர்க்கும் அம்மூன்றாண்டையே பொதுவானதோர் அளவாகக் கொள்ளலாமென 1964-ல் மத்தியப் பிரதேச வழக்கொன்றில் உச்சநீதிமன்றம் கூறியுள்ளது.

1,500 ரூபாய்க்கு யார் வழக்காடுவார் என்று கேட்பின், தனியொருவர் ஆடார் என்பதே விடை. 2004-ஆம் ஆண்டு ஜூலைத் திங்கள் 24-ஆம் நாள் மதுரையில் உயர்நீதிமன்றக் கிளை திறக்கப்படும் வரை, இப்பக்கத்தார் பேராணை கேட்கச் சென்னைக்குச் செல்ல வேண்டியிருந்தது. தொடர்வண்டிச் செலவும் விடுதிச் செலவுமே மிகைப்பணத்தை விழுங்கிவிடும். இப்போது நீதிமன்றம் மேலூர்ச் சாலையில், ஒரு பேருந்துப் பயணத் தொலைவில் உளது. பேட்டையிலுள்ள பலர் ஒருங்கு சேர்ந்து செல்லின் ஆளுக்கு ஆகும் செலவு சிறிது. அங்ஙனம் செல்லுங்கால் சங்கத்தின் பெயர் மட்டும் போதுமென்று இராமல், மிகைப்பணம் கேட்கும் ஒவ்வொருவரும் தம் பெயரையும் கட்டிய தொகையையும் நாளையும் மனுவிற் சேர்த்தல் நலம்.

அதற்கு முன்னரே செய்யத் தக்கது ஒன்றுண்டு. அதற்கு வழக்கறிஞரும் வேண்டா. பணம் கட்டும் நாளிலேயே, 'இத்தொகை மிகையெனக் கருதுகின்றேன்; உரிமம் தடைப்படாதிருக்கும் பொருட்டு எதிர்ப்புடன் கட்டுகின்றேன்; எவ்விதியின்படி இக்கட்டணம் கணக்கிடப்பட்டதெனத் தெரிவிக்க வேண்டுகின்றேன்' என்று ஒரு கடிதம் எழுதி, படியொன்றில் அலுவலக முத்திரையும் நாளும் பெற்று, பணச்சீட்டோடு தைத்து வைத்தல் வேண்டும். இணையவழியிற் கட்டுவோர் அன்றே விரைவஞ்சலில் அக்கடிதத்தை விடுத்து, ஒப்புகைச் சீட்டை வைத்துக்கொள்ளலாம். பட்டறைச் சுவரில் மாட்டியிருக்கும் உரிமச் சீட்டின் சட்டகத்துக்குப் பின்புறம் அவ்விரண்டு தாள்களுக்கும் இடமுண்டு.